வில்லனைத் தேடாதீர்கள்: ஃபாஸ்பிண்டரின் சமூகப் படங்கள், புதிதாகப் பார்ப்பவர்களுக்கு

ஒருவரைச் "சமூக அக்கறையுள்ள இயக்குநர்" என்று சொன்னதுமே நம் மனத்தில் ஒரு கதை ஓடிவிடும். ஒரு ஏழை, அவனை நசுக்கும் ஒரு பணக்காரன், கடைசி ரீலில் நீளமான வசனம், கனத்த மனத்தோடு வெளியே வரும் கூட்டம். ஜெர்மன் இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டரின் பெயருக்கு முன்னாலும் இதே அடைமொழியைத்தான் ஒட்டுகிறார்கள். அதை நம்பி அவர் படத்துக்கு வந்து உட்கார்ந்தவர்கள் அரை மணி நேரத்தில் நெளிய ஆரம்பிப்பதைத் திரையிடல்களில் பார்த்திருக்கிறேன். ஏழை இருக்கிறான், ஆனால் அவனும் அப்படியொன்றும் உத்தமன் இல்லை. கெட்டவன் யார் என்று தேடினால் ஆளே அகப்படவில்லை. வசனம் வெடிக்க வேண்டிய இடத்தில் எல்லோரும் சிலைபோல நின்று வெறித்துப் பார்க்கிறார்கள்.

இன்னொரு கதையும் உலவுகிறது. போதையில் மிதந்த பைத்தியக்கார மேதை, பதின்மூன்று வருடத்தில் நாற்பது படம் எடுத்துவிட்டு 37 வயதில் போய்ச் சேர்ந்தவர் என்று. எண்கள் ஏறக்குறைய சரி. ஆனால் போதை மருந்து படம் எடுக்காது. எடுக்குமென்றால் உலகத்தில் இன்னும் எத்தனையோ நல்ல படங்கள் இருந்திருக்கும். அவ்வளவு படங்கள் வந்ததற்குப் பின்னால் ஓர் ஏற்பாடு இருந்தது. அந்தப் படங்களுக்குள்ளும் ஒரு யோசனை இருந்தது. இரண்டும் பிடிபட்டால் ஃபாஸ்பிண்டர் கடினமான ஆளே இல்லை.

பேருந்துப் படிக்கட்டு

சினிமாவை விட்டுவிட்டு ஒரு பேருந்துக்குள் போவோம். கூட்டம் பிதுங்குகிறது. நீங்கள் படியில் ஒற்றைக் காலில் தொங்குகிறீர்கள். "உள்ளதான் அவ்வளவு இடம் இருக்கே, கொஞ்சம் தள்ளிப் போங்களேன்" என்று கத்துகிறீர்கள். யாரும் அசையவில்லை. உள்ளே இருப்பவர்கள் எல்லாரும் ஈவிரக்கமில்லாதவர்கள் என்று தோன்றுகிறது. எப்படியோ முண்டியடித்து ஏறிவிடுகிறீர்கள். அடுத்த நிறுத்தத்தில் ஒருவர் படியில் கால் வைக்கிறார். உங்கள் வாயிலிருந்தே வருகிறது: "எங்க ஏறுறீங்க, மூச்சு விடவே இடமில்ல, அடுத்த வண்டியில வாங்க."

ஐந்து நிமிடத்தில் கெட்டவராகிவிட்டீர்களா? உங்கள் குணம் அப்படியேதான் இருக்கிறது. நிற்கும் இடம் மாறிவிட்டது. படியில் நின்றபோது ஒரு நியாயம் பேசினீர்கள், கம்பியைப் பிடித்ததும் வேறொரு நியாயம் வந்துவிட்டது. இந்தக் காட்சியைப் படமாக எடுக்கச் சொன்னால் பெரும்பாலோர் நடத்துனரைக் கெட்டவராக்கி, தொங்குபவரை அப்பாவியாக்கி முடித்துவிடுவார்கள். ஃபாஸ்பிண்டர் காமிராவைப் படிக்கட்டுக்கும் கம்பிக்கும் நடுவில் வைப்பார். தள்ளப்பட்டவர் தள்ளுபவராக மாறும் அந்த ஒரு நொடிதான் அவருக்கு வேண்டியது.

அவர் வாழ்நாளெல்லாம் எடுத்தது ஏறக்குறைய இந்த ஒரே காட்சியைத்தான். பேருந்துக்குப் பதிலாகக் கட்டில், சமையலறை, கடை, தொழிற்சாலை, சில சமயம் ஒரு முழு நாடு.

ஆள் யார்

1945 மே 31 அன்று, பவேரியாவில் பாட் வோரிஸ்ஹோஃபன் என்ற சிற்றூரில் பிறந்தார். ஐரோப்பாவில் போர் முடிந்து மூன்றே வாரம். அப்பா மருத்துவர், அம்மா மொழிபெயர்ப்பாளர். பையனுக்கு ஆறு வயதாகும்போது பெற்றோர் பிரிந்துவிட்டார்கள். பிறகு அவனை வளர்த்ததில் பெரும்பங்கு சினிமாக் கொட்டகைக்கு உண்டு.

1966-ல் பெர்லினில் புதிதாகத் தொடங்கிய திரைப்படப் பள்ளிக்கு விண்ணப்பித்தார், இடம் கிடைக்கவில்லை. மியூனிக்கில் ஒரு சிறிய நாடகக் குழுவில் சேர்ந்தார். அது உடைந்தபோது 1968-ல் 'ஆன்டிதியேட்டர்' என்ற பெயரில் சொந்தக் குழு தொடங்கினார். ஹன்னா ஷிகுல்லா, இர்ம் ஹெர்மன், குர்ட் ராப், இசையமைப்பாளர் பேர் ராபென் என்று அவர் படங்களில் திரும்பத் திரும்ப வரும் பெயர்கள் இங்கிருந்து கிளம்பியவைதான். பள்ளியில் இடம் கிடைக்காததும் ஒரு வகையில் நல்லதாகப் போயிற்று. பள்ளியில் சேர்ந்திருந்தால் படிப்பை முடிக்க வேண்டிய காலத்தில் இவர் சில படங்களையே முடித்திருந்தார்.

'விருந்தாளி' என்று கூப்பிட்ட தொழிலாளி

அவருடைய மிகப் பிரபலமான படத்துக்குள் போவதற்கு முன் ஒரு சொல்லைத் தெரிந்துகொள்ள வேண்டும்: 'காஸ்ட்ஆர்பைட்டர்'. நேரடிப் பொருள் விருந்தாளித் தொழிலாளி. போருக்குப் பிறகு மேற்கு ஜெர்மனியில் தொழிற்சாலைகள் பெருகின, ஆள் போதவில்லை. 1955-ல் இத்தாலியோடு ஆள் எடுக்கும் ஒப்பந்தம் போட்டார்கள். 1960-ல் ஸ்பெயின், கிரீஸ், 1961-ல் துருக்கி, 1963-ல் மொரோக்கோ, அதன் பின் போர்ச்சுகல், துனிசியா, யூகோஸ்லாவியா என்று பட்டியல் நீண்டது. வருபவர்கள் சில வருடம் உழைத்துவிட்டு ஊர் திரும்பிவிடுவார்கள் என்பது கணக்கு. அதனால்தான் 'விருந்தாளி'. விருந்தாளிக்கு யாரும் பாத்திரம் தேய்க்கும் வேலை கொடுப்பதில்லை என்பது வேறு விஷயம்.

1964 செப்டம்பரில் பத்து லட்சமாவது தொழிலாளியாக ஒரு போர்ச்சுகீசியர் கொலோன் நகரில் வந்து இறங்கியபோது, மேளதாளத்தோடு வரவேற்று, ஒரு மொபெட்டைப் பரிசாகக் கொடுத்துப் படமெடுத்தார்கள். வண்டிமேல் உட்கார்ந்து மலங்க மலங்க விழிக்கும் அந்த மனிதரின் புகைப்படம் ஜெர்மன் பாடப்புத்தகங்கள்வரை போனது. 1973 நவம்பரில் எண்ணெய் நெருக்கடியின்போது, போதும், இனி ஆள் எடுப்பதில்லை என்று கதவைச் சாத்தினார்கள். அப்போது நாட்டில் இருபத்தாறு லட்சம் வெளிநாட்டுத் தொழிலாளர்கள் இருந்தார்கள்.

கதவு சாத்தப்படுவதற்கு இரண்டு மாதம் முன்பு, அந்தச் செப்டம்பரில், ஃபாஸ்பிண்டர் மியூனிக்கில் பதினைந்து நாளில் ஒரு படத்தை முடித்துவிட்டார். வேறு இரண்டு பெரிய படங்களுக்கு நடுவே கிடைத்த இடைவெளியில் எடுத்தது. அடுத்த வருடம் கான் திரைப்பட விழாவில் விமர்சகர்கள் பரிசு வாங்கியது.

'பயம் ஆன்மா தின்னு'

படத்தின் ஜெர்மன் தலைப்பு 'ஆங்ஸ்ட் எஸ்ஸன் ஸேலெ அவுஃப்'. பொருள், பயம் ஆன்மாவைத் தின்றுவிடும் என்பது. ஆனால் தலைப்பு வேண்டுமென்றே பிழையான ஜெர்மனில் இருக்கிறது. மொழியை வேலையிடத்தில் காதால் கேட்டே கற்றுக்கொண்டவன் பேசுவது மாதிரி. வேற்றுமை உருபும் விகுதியும் இல்லாமல் "பயம் ஆன்மா தின்னு" என்று சொன்னால் நமக்கு எப்படிக் கேட்குமோ அப்படித்தான் அவர்களுக்குக் கேட்கும்.

எம்மி அறுபது வயது விதவை, அலுவலகங்களில் தரை துடைக்கும் வேலை. மழைக்கு ஒதுங்க, வெளிநாட்டுத் தொழிலாளர்கள் கூடும் ஒரு மதுக்கடைக்குள் நுழைகிறாள். அங்கே அலி, மொரோக்கோக்காரன், அவளைவிட இருபது வயதுக்கு மேல் இளையவன், மெக்கானிக். 'அலி' அவன் பெயரே இல்லை. அவனுடைய சொந்தப் பெயர் நீளமானது, யாருக்கும் வாயில் நுழையவில்லை, அதனால் எல்லோரும் அலி என்கிறார்கள், அவனும் அதையே சொல்லிக்கொள்கிறான். கடையில் ஒருத்தி கிண்டலாக, அந்தக் கிழவியோடு ஆடேன் என்கிறாள். அவன் எழுந்து போய் ஆடுகிறான்.

அவளை வீடுவரை கொண்டுவிடுகிறான், பேச்சு நீள்கிறது, அங்கேயே தங்கிவிடுகிறான். சில நாளில் வீட்டுக்காரரின் மகன் வந்து, உள்வாடகைக்கு ஆள் வைக்க ஒப்பந்தத்தில் இடமில்லையே என்று கேட்கிறார். எம்மி வாய்க்கு வந்த பொய்யைச் சொல்கிறாள்: "நாங்க கல்யாணம் பண்ணிக்கப்போறோம்." அவர் போனதும் அலி, ஆமாம், பண்ணிக்கொள்ளலாமே என்கிறான். வாடகை ஒப்பந்தத்தின் ஒரு விதியிலிருந்து ஒரு கல்யாணம் முளைக்கிறது. சமூகம் எப்படிப் படுக்கையறைவரை வருகிறது என்பதற்கு இதைவிடச் சிறிய உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

அதன்பின் நடப்பதெல்லாம் சின்னச் சின்ன விஷயம். மளிகைக் கடைக்காரர் அலி கேட்பது புரியவில்லை என்று நடித்து, சாமான் தராமல் அனுப்புகிறார். மாடிப்படி அழுக்காகிவிட்டதென்று பக்கத்து வீட்டுப் பெண்கள் புகார் சொல்கிறார்கள். எம்மிக்கு முதல் கணவன் வழியில் வந்த போலந்துக் குடும்பப் பெயர். பேரைப் பார்த்தாலே தெரியவில்லையா, அவளே அசல் ஜெர்மன் கிடையாது என்று முணுமுணுக்கிறார்கள். வேலையிடத்தில் படிக்கட்டில் உட்கார்ந்து சாப்பிடும்போது மற்றவர்கள் நகர்ந்துகொள்கிறார்கள். பெற்ற பிள்ளைகளிடம் புது மாப்பிள்ளையை அறிமுகம் செய்கிறாள். மகன் எழுந்து போய்த் தொலைக்காட்சிப் பெட்டியை உதைத்து உடைக்கிறான். மருமகனாக முகத்தைச் சுளித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவர் ஃபாஸ்பிண்டரேதான்.

இவர்களில் யாரைப் பிடித்து வில்லன் என்பது? கடைக்காரரையா? அவர் ஒருவர் மாறினால் படிக்கட்டு மாறிவிடுமா? எம்மியையாவது புனிதையாக வைத்துக்கொள்ளலாமென்றால் அதற்கும் படம் விடவில்லை. கல்யாண விருந்துக்கு அவள் ஆசையாக அலியைக் கூட்டிப்போவது ஹிட்லர் ஒரு காலத்தில் சாப்பிட்ட உணவகம். எத்தனையோ வருடமாக அங்கே ஒரு தடவை சாப்பிட வேண்டுமென்று நினைத்திருந்தாளாம். நாஜிக் கட்சியில் இருந்ததைப் பற்றிக் கேட்டால், அப்போது எல்லோரும்தானே இருந்தோம் என்கிறாள், காய்கறி விலை சொல்வதுபோல.

இதுவரை வந்ததைத் தொகுத்தால்: ஃபாஸ்பிண்டர் காட்டும் ஒடுக்குமுறைக்கு ஒரு தலைவன் கிடையாது. பலர் சேர்ந்து, ஆளுக்குக் கொஞ்சமாக, பெரும்பாலும் மரியாதையாகவே செய்கிறார்கள்.

இரண்டாம் பாதியில்தான் விஷயம்

இங்கேயே நிறுத்தியிருந்தால் நல்ல மனிதாபிமானப் படமாகியிருக்கும். ஃபாஸ்பிண்டர் நிறுத்தவில்லை. தம்பதி சில நாள் வெளியூர் போய்த் திரும்புகிறார்கள், அத்தனை பேரும் தலைகீழாக மாறியிருக்கிறார்கள். மனம் திருந்திவிட்டார்கள் என்று நினைத்தால் ஏமாந்துபோவீர்கள். மளிகைக்காரருக்குப் பக்கத்துப் பெரிய அங்காடியால் வியாபாரம் படுத்துவிட்டது, எம்மி வாங்கும் சாமான் வேண்டும். பக்கத்து வீட்டுக்காரிக்கு எம்மியின் நிலவறையில் கொஞ்சம் இடம் வேண்டும், கூடவே கனமானதைத் தூக்க அலியின் கை வேண்டும். மகனுக்குக் குழந்தையைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும். உடைத்த பெட்டிக்குக் காசோலை அனுப்பிவிடுகிறான். வெறுப்பைத் தேவை ஜெயித்துவிட்டது, அவ்வளவுதான்.

எம்மிக்கு இப்போது பேருந்துக்குள் இடம் கிடைத்துவிட்டது. கம்பியைப் பிடித்துக்கொண்டாள். வேலையிடத்துக்கு ஹெர்சகோவினாவிலிருந்து யோலாண்டா என்ற புதுப் பெண் வருகிறாள். அவளுக்குச் சம்பளம் குறைவு. மற்றவர்கள் அவளைப் படிக்கட்டில் தனியே உட்கார வைத்துவிட்டுத் தங்களுக்குள் பேசிக்கொள்கிறார்கள், எம்மியும் அவர்களோடுதான் இருக்கிறாள். முன்பு எம்மி தனியே உட்கார்ந்திருந்தபோது காமிரா கைப்பிடிக் கம்பிகளின் வழியாக அவளைப் பார்த்தது, சிறைக்குள் இருப்பவள் மாதிரி. இப்போது அதே படிக்கட்டு, அதே கம்பிகள். உள்ளே யோலாண்டா.

வீட்டிலும் அதே கதை. தோழிகள் வந்தால் அலியின் புஜத்தைத் தொட்டுப் பார்க்கச் சொல்கிறாள், புதிதாக வாங்கிய சாமானைக் காட்டுவதுபோல. அவன் கூஸ்கூஸ் சாப்பிட ஆசைப்படுகிறான். தனக்கு அது பிடிக்காது, நீ இந்த ஊர்ச் சாப்பாட்டுக்குப் பழகிக்கொள் என்கிறாள். ஊரே திரண்டு எதிர்த்தபோது உடையாத கல்யாணம் ஒரு தட்டு கூஸ்கூஸில் விரிசல் விடுகிறது. அலி மதுக்கடைக்காரியிடம் போகிறான், அவள் சமைத்துத் தருகிறாள். பிறகு எம்மி அவனைத் தேடிக்கொண்டு பட்டறைக்கு வரும்போது, இது யார், உன் பாட்டியா என்று மற்றவர்கள் கேலி செய்கிறார்கள். அலி தடுக்கவில்லை, அவர்களோடு சேர்ந்து சிரிக்கிறான். அவனுக்கும் கையில் ஒரு கம்பி கிடைத்துவிட்டது.

முடிவில் இருவரும் முதல் நாள் பாட்டுக்கு மறுபடி ஆடுகிறார்கள். ஆடும்போதே அலி வயிற்றைப் பிடித்துக்கொண்டு விழுகிறான். குடல்புண் வெடித்துவிட்டது. மருத்துவமனையில் டாக்டர் சலிப்போடு சொல்கிறார்: வெளிநாட்டுத் தொழிலாளர்களுக்கு இது அடிக்கடி வருவதுதான், ஓய்வுக்கு அனுப்ப அனுமதி கிடைக்காது, அறுவை செய்து அனுப்பினால் ஆறு மாதத்தில் திரும்பி வருவான். தலைப்பில் இருந்த பயம் ஆன்மாவை எந்த இடத்திலிருந்து தின்ன ஆரம்பித்தது என்பது இங்கே, வயிற்றில், தெரிகிறது.

மெலோடிராமா என்றால் அழுகாச்சி மட்டும்தானா

மெலோடிராமா என்பதை விமர்சகர்கள் மிகைநாடகம் என்று எழுதுவார்கள், பேச்சில் அழுகாச்சிப் படம் என்போம். குடும்பம், காதல், தியாகம், பிரிவு. உணர்ச்சி ததும்ப, இசை பொங்கச் சொல்வது. தீவிரமான சினிமா ரசிகர்களுக்கு அதன்மேல் ஓர் இளக்காரம் எப்போதும் உண்டு. ஆரம்பத்தில் ஃபாஸ்பிண்டரின் படங்களும் இளக்காரம் செய்யும் பக்கம்தான் இருந்தன. 1969-ல் வந்த 'காட்செல்மாகர்' படத்தில் (தெற்கிலிருந்து வரும் வெளிநாட்டவரைத் திட்டும் பவேரியச் சொல் அது) இளைஞர்கள் சுவரோரம் வரிசையாக உட்கார்ந்து வம்பளப்பார்கள். அங்கே வந்து சேரும் கிரேக்கத் தொழிலாளியாக ஃபாஸ்பிண்டரே நடித்தார். கச்சிதமான படம்தான், ஆனால் குளிர்பதனப் பெட்டிக்குள் உட்கார்ந்து பார்ப்பதுபோல் இருக்கும்.

1970 முடியும் சமயத்தில் டக்ளஸ் சர்க் என்ற இயக்குநரின் ஹாலிவுட் படங்களைப் பார்த்தார். சர்க், ஹாம்பர்க்கில் பிறந்த ஜெர்மானியர். 1937-ல் நாஜி ஜெர்மனியை விட்டு வெளியேறி அமெரிக்கா போனவர். பெண்களுக்கான கண்ணீர்ப் படம் என்று ஒதுக்கப்பட்ட படங்களைத்தான் அங்கே எடுத்துக்கொண்டிருந்தார். 1955-ல் வந்த ஒன்றில் வசதியான விதவை தன் தோட்டக்காரனைக் காதலிப்பாள். ஊர் வாயை மெல்லும், பிள்ளைகள் எதிர்ப்பார்கள், அம்மாவுக்குத் தனிமை தெரியாமலிருக்க ஒரு தொலைக்காட்சிப் பெட்டி வாங்கித் தருவார்கள். எம்மியின் மகன் எதை உதைத்தான் என்பது இப்போது புரிந்திருக்கும்.

சர்க்கிடம் ஃபாஸ்பிண்டர் கற்றுக்கொண்டதை எளிதாகச் சொல்லலாம். அழுகை வருகிற இடத்தில் ஒரு விதி ஒளிந்திருக்கிறது. அவள் ஏன் அழுகிறாள் என்று கேட்டால் காதலனைப் பிரிந்ததால். ஏன் பிரிந்தாள் என்றால் ஊருக்குப் பயந்து. ஊர் ஏன் எதிர்க்கிறது என்றால் அவள் வீட்டுக்காரி, அவன் வேலைக்காரன். மூன்றே கேள்வியில் கண்ணீரிலிருந்து வர்க்கத்துக்கு வந்துவிட்டோம். கூட்டம் போட்டுப் பேசினால் எழுந்து போகிற ஆளும் அழுகைப் படத்துக்கு உட்கார்ந்திருப்பான். அவனுக்குப் புரிய வேண்டியதை அந்த அழுகைக்குள்ளேயே வைத்துவிடலாம்.

ஆனால் அழவைத்தே அனுப்பிவிட்டால் கேள்வி கேட்க நேரம் இருக்காது. அதற்காக ஃபாஸ்பிண்டர் இரண்டு தடுப்புகள் வைத்தார். ஒன்று, ஆட்களை நிலைவாசல், சன்னல், கண்ணாடி, மாடிக் கம்பி என்று ஏதாவதொரு சட்டத்துக்குள் அடைத்துக் காட்டுவது. ஹிட்லர் உணவகக் காட்சியில் காமிரா பக்கத்து அறைக்குப் போய்விடும். வாசல் நிலைக்குள் சின்னதாக இரண்டு பேர், என்ன கேட்பதென்று தெரியாமல் சர்வர் முன்னால் விழித்துக்கொண்டு. இரண்டு, நடிகர்களை அப்படியே அசையாமல் நிறுத்துவது. திறந்தவெளி உணவகத்தில் காலியான மஞ்சள் நாற்காலிகளுக்கு நடுவே எம்மியும் அலியும் உட்கார்ந்திருக்க, பணியாளர்கள் தள்ளி நின்று வெறித்துக்கொண்டே இருப்பார்கள். நமக்குச் சங்கடமாகும் அளவுக்கு நீளும் காட்சி. நாடக மேடையில் பெர்டோல்ட் பிரெஹ்ட் பயன்படுத்திய அந்நியப்படுத்தல் என்ற உத்தியின் உறவு இது: பார்வையாளர் கதையில் கரைந்துவிடாமல், நாம் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்று அவரை உணரவைப்பது. ஒரு கட்டத்தில் உறைக்கும், அந்தப் பணியாளர்களோடு சேர்ந்து நாமும்தான் வெறித்துக்கொண்டிருக்கிறோம்.

ஆக, கதை கண்ணீரை வரவழைக்கும், காமிரா ஓரடி பின்னால் இழுக்கும். இந்த இழுபறியைத்தான் புதிதாகப் பார்ப்பவர்கள் 'நடிப்பு செயற்கையாக இருக்கிறது' என்று சொல்கிறார்கள்.

நாற்பது படத்துக்குப் பணம் எங்கிருந்து வந்தது

இப்போது அந்தப் 'பைத்தியக்கார மேதை' கதைக்கு வருவோம். 1969, 1970 என்ற இரண்டு வருடங்களில் மட்டும் பத்துக்கு மேற்பட்ட படங்கள். இதை ஒரு மெஸ் நடத்துவதோடு ஒப்பிடலாம். தினம் புதுச் சமையல்காரர், புது அடுப்பு, புதுக் கடனென்று இருந்தால் ஒரு வேளைச் சாப்பாடுகூட நேரத்துக்கு வராது. அதே ஆட்கள், அதே அடுப்பு, மாதக் கணக்கு என்றால் மூன்று வேளையும் ஓடும்.

ஆட்கள் என்றால் நாடகக் குழு. குர்ட் ராப் நடிப்பார், அடுத்த படத்துக்கு அரங்கமும் அமைப்பார். ஃபாஸ்பிண்டரின் அம்மாவும் நடிப்பார். படத்தொகுப்பாளராக ஃபிரான்ஸ் வால்ஷ் என்றொரு பெயர் வரும், அது ஃபாஸ்பிண்டரின் புனைபெயர். ஒளிப்பதிவாளர் மிஷாயில் பால்ஹவுஸ் பத்துப் பன்னிரண்டு படம் சேர்ந்து செய்தபின் சைகையிலேயே வேலை ஓடியிருக்கும் என்று நினைக்கிறேன். 'காட்செல்மாகர்' எடுக்க ஒன்பது நாள். ஒரே அறையில் நடக்கும் 'பெட்ரா ஃபொன் காண்டின் கசப்பான கண்ணீர்' எடுக்கப் பத்து நாள்.

பணம், அரசிடமிருந்தும் தொலைக்காட்சியிடமிருந்தும் வந்தது. 1962-ல் ஓபர்ஹவுஸன் குறும்பட விழாவில் 26 பேர் ஓர் அறிக்கை வெளியிட்டார்கள்: பழைய சினிமா செத்துவிட்டது, நாங்கள் புதியதை நம்புகிறோம் என்று. அங்கிருந்து வளர்ந்ததைப் புதிய ஜெர்மன் சினிமா என்கிறோம். அப்போது ஃபாஸ்பிண்டருக்குப் பதினாறு வயது, கையெழுத்துப் போட்டவர்களில் அவர் இல்லை. அவர்கள் தட்டித் திறந்த கதவு வழியாக உள்ளே வந்தவர். 1965-ல் இளம் இயக்குநர்களின் முதல் படங்களுக்கு உதவ ஒரு நிதியம் ஏற்பட்டது. அரசுத் திரைப்பட விருதோடு வரும் பணத்தை அடுத்த படத்தில்தான் போட வேண்டும் என்பது நிபந்தனை. 'காட்செல்மாகர்' அப்படி விருது வாங்கி அடுத்த படங்களுக்கு அடி போட்டது.

அப்போது தொலைக்காட்சி அங்கே பொதுநிறுவனம். வீட்டுக்கு வீடு கட்டும் உரிமக் கட்டணத்தில் ஓடியது, விளம்பரதாரரை நம்பி இல்லை. கொலோனில் இருந்த டபிள்யூ.டி.ஆர். நிலையம் ஃபாஸ்பிண்டருக்குத் தொடர்ந்து வேலை கொடுத்தது. 1974-ல் திரைப்பட நிதி அமைப்பும் தொலைக்காட்சி நிலையங்களும் ஒப்பந்தம் செய்துகொண்டன: சேர்ந்து பணம் போடுவது, படம் முதலில் திரையரங்கில், பிறகு வீட்டில். வசூலைப் பற்றிய பயம் பாதி குறைந்தால் படம் வேறு மாதிரி வரும்தானே.

டபிள்யூ.டி.ஆருக்காக 1972-ல் அவர் எடுத்த 'எட்டு மணி நேரம் ஒரு நாளாகாது' தொடரை ஃபாஸ்பிண்டர் ரசிகர்களே மறந்துவிடுகிறார்கள். கொலோனில் ஒரு தொழிற்சாலையில் கருவிகள் செய்யும் தொழிலாளர் குடும்பம். குடும்பத் தொடர் என்றால் நடுத்தர வர்க்க வரவேற்பறை என்றிருந்த காலத்தில் பட்டறையைக் கொண்டுவந்தார். தொழிலாளர்கள் தங்கள் மேற்பார்வையாளர் யாரென்று தாங்களே முடிவு செய்யப் போராடுகிறார்கள். பாட்டி ஒருத்தி காலியாகக் கிடக்கும் நூலகத்தில் குழந்தைகள் காப்பகம் தொடங்குகிறாள். சிரிப்பும் நம்பிக்கையுமாக ஓடும் தொடர். திரையரங்குக்கு வருபவர்களிடம் கசப்பைச் சொல்லலாம், வேலை முடிந்து களைத்து வீட்டில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு எது முடியும் என்று காட்ட வேண்டும் என்ற தெளிவு அவரிடம் இருந்தது. எட்டுப் பகுதி திட்டம், ஐந்தோடு நிறுத்திவிட்டார்கள். தொழிற்சங்கமே இல்லாத தொழிற்சாலையா என்று சங்கத்தினரும் சண்டைக்கு வந்தார்கள்.

எல்லாத் தரப்பும் கோபித்த இயக்குநர்

தொழிற்சங்கம் மட்டுமா? 1975-ல் வந்த 'அன்னை க்யூஸ்டர்ஸ்' படத்தில், ஆட்குறைப்புச் செய்தி கேட்டு ஒரு தொழிலாளி மேலதிகாரியைக் கொன்றுவிட்டுத் தானும் சாகிறான். அவன் மனைவியைப் பத்திரிகைக்காரர், சொந்த மகள், கம்யூனிஸ்டுகள், அராஜகவாதி என்று ஆளாளுக்கு வந்து தங்கள் காரியத்துக்குப் பயன்படுத்திக்கொள்கிறார்கள். இடதுசாரிகள் கொதித்துப்போனார்கள். அதே வருடம் 'வலுத்தவனின் சட்டம்'. லாட்டரியில் ஐந்து லட்சம் மார்க் விழுந்த ஓர் ஏழைத் தற்பாலீர்ப்பாளனை அவனுடைய மேல்தட்டுக் காதலன் கடைசிக் காசுவரை உறிஞ்சிவிடுகிறான். எங்களை இப்படியா காட்டுவது என்று தற்பாலீர்ப்பாளர்கள் கேட்டார்கள். ஃபாஸ்பிண்டரே அந்தச் சமூகத்தைச் சேர்ந்தவர்தான், அந்த ஏமாளியாக நடித்ததும் அவரேதான். ஒடுக்கப்பட்டவர்களைத் தேவதைகளாகக் காட்டினால் அவர்கள் மனிதர்களாகத் தெரிய மாட்டார்கள் என்பதுதான் அவர் கட்சி என்று நான் புரிந்துகொள்கிறேன். படியில் தொங்குபவருக்கும் கம்பி கிடைக்கும் நாள் வரும், வந்தால் என்ன செய்வார் என்பதுதான் கேள்வி.

ஆனால் எல்லாக் கோபத்தையும் இப்படித் தள்ளிவிட முடியாது. 'குப்பை, நகரம், மரணம்' என்ற அவர் நாடகத்தில் ஒரு பாத்திரத்துக்குப் பெயரே 'பணக்கார யூதர்'. ஃபாஸ்பிண்டர் இறந்த பிறகு, 1985-ல் ஃப்ராங்ஃபர்ட்டில் அதை மேடையேற்ற முயன்றபோது, யூத சமூகத்தினர் மேடையில் ஏறி உட்கார்ந்து நிறுத்தினார்கள். நாடகம் யூத வெறுப்பைக் காட்டுகிறதா, வளர்க்கிறதா என்ற வாதம் இன்றும் ஓயவில்லை. ஜெர்மனியில் அதை எழுதுபவருக்குக் கூடுதல் பொறுப்பு இருந்தது என்று நினைப்பவன் நான். இன்னொன்று, வீட்டுக்குள் நடக்கும் கொடுமையை இவ்வளவு நுட்பமாகக் காட்டியவர், தன் குழுவினரைக் கொடுமையாக நடத்தியவரும்கூட. இர்ம் ஹெர்மன் அதைப் பிற்காலத்தில் வெளிப்படையாகவே பேசினார். ஃபாஸ்பிண்டர் படங்களில் வரும் ஒடுக்குமுறை இயந்திரம் அவர் படப்பிடிப்பிலும் ஓடியது.

கட்டிலிலிருந்து நாட்டுக்கு

கடைசி ஐந்து வருடங்களில் அதே பேருந்துக்குள் ஒரு தேசத்தையே ஏற்றினார். 'மரியா பிரவுனின் திருமணம்' (1979) போர்க்காலத்தில் குண்டு விழுந்து நொறுங்கும் பதிவு அலுவலகத்தில் தொடங்குகிறது. சுவரில் ஹிட்லர் படம். கணவன் போருக்குப் போகிறான், பிறகு சிறைக்கு. மரியா தன் புத்தியாலும் உடலாலும் உழைப்பாலும் மேலே மேலே ஏறுகிறாள், மேற்கு ஜெர்மனியின் பொருளாதாரம் ஏறியதுபோலவே. காதலை மட்டும் 'பிறகு' என்று தள்ளிவைத்துக்கொண்டே போகிறாள். முடிவு 1954 ஜூலை 4. ஹங்கேரியை 3-2 என்று வென்று மேற்கு ஜெர்மனி உலகக் கால்பந்துக் கோப்பையை எடுத்த நாள். வானொலியில் வர்ணனையாளர் தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருக்கும்போது எரிவாயு வெடித்து மரியாவின் வீடு சிதறுகிறது. பிறகு திரையில் வரிசையாக மேற்கு ஜெர்மனியின் சான்சலர்களின் (அங்கே பிரதமருக்கு நிகரான பதவி) முகங்கள், நெகடிவில்: அடினவர், எர்ஹார்ட், கீசிங்கர், ஷ்மிட். வில்லி பிராண்ட் மட்டும் இல்லை. ஹிட்லர் படத்தில் தொடங்கிய படச்சட்டம் யார் யார் வழியாக வந்திருக்கிறது பார் என்கிறார். பிராண்டை ஏன் விட்டார் என்பதை, நாஜிக் காலத்தில் நாட்டை விட்டுத் தப்பி எதிர்ப்பில் நின்றவர் அவர் என்பதோடு சேர்த்து யோசிக்கலாம்.

இந்தப் படத்தோடு 'லோலா' (1981), 'வெரோனிகா ஃபோஸ்' (1982) இரண்டையும் சேர்த்து முப்படத் தொகுதி என்பார்கள். 'வெரோனிகா ஃபோஸ்' படத்துக்கு பெர்லின் திரைப்பட விழாவின் உயர்ந்த பரிசான தங்கக் கரடி கிடைத்தது. அதே வருடம் ஜூன் 10 அன்று மியூனிக்கில் இறந்தார். கோகைனும் தூக்க மாத்திரையும்.

எதில் தொடங்குவது

எம்மி, அலி படத்தில் தொடங்குங்கள், ஒன்றரை மணி நேரம்தான். இரண்டாம் முறை பார்க்கும்போது கதையை விட்டுவிட்டு, யார் எந்தக் கதவுக்குள் நிற்கிறார்கள் என்று மட்டும் கவனியுங்கள். அடுத்தது 'மரியா பிரவுன்', அவர் படங்களில் எல்லோருக்கும் பிடித்துப்போவது அதுதான். பிறகு 'நான்கு பருவங்களின் வியாபாரி' (1971): தள்ளுவண்டியில் பழம் விற்கும் ஒருவன் குடும்பத்தின் அலட்சியத்தில் மெல்ல மெல்லக் கரைந்துபோவது. சர்க்கைப் பார்த்த பிறகு அவர் எடுத்த முதல் படம் அது என்பது தெரிந்து பார்த்தால், 'காட்செல்மாகர்' காலத்துக் குளிர் எங்கே உருக ஆரம்பித்தது என்பதைக் கண்ணால் பார்க்கலாம்.

பதினைந்து மணி நேரம் ஓடும் 'பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்' தொடரை (1980) முதலில் எடுத்துவிடாதீர்கள். ஒளிபரப்பானபோது திரை இருட்டாக இருக்கிறதே, ஒன்றும் தெரியவில்லையே என்று ஜெர்மன் வீடுகளிலிருந்தே புகார் வந்தது. அதை மட்டுமாவது கைபேசியில் பார்க்காமல், இருக்கிற பெரிய திரையில், விளக்கை அணைத்துவிட்டுப் பாருங்கள்.